ஆக்‌ஷன் சொல்வதற்கு முன்னால்: சிட்னி லூமெட் வழியாக இயக்குநரின் வேலை

ஒரு படத்தில் நடிப்பவர் ஒருவர், எழுதுபவர் ஒருவர், கேமராவைக் கையாள்பவர் ஒருவர், எடிட் செய்பவர் ஒருவர். எல்லா வேலைக்கும் ஆள் இருக்கும்போது இயக்குநர் என்னதான் செய்கிறார்? சினிமாவைக் கொஞ்சம் கவனித்துப் பார்க்க ஆரம்பிக்கிறவர்களுக்கு வரும் முதல் சந்தேகம் இது. வெளியே கேட்கத்தான் கூச்சம்.

சுருக்கமாகச் சொன்னால், முடிவெடுக்கிறார். கேமராவை எங்கே வைப்பது, எந்த லென்ஸ் போடுவது, நடிகர் இந்த வரியை உட்கார்ந்து சொல்வதா, எழுந்து நடந்துகொண்டே சொல்வதா, எத்தனை டேக் போவது, எங்கே வெட்டுவது என்று ஒரு நாளைக்கு நூறு கேள்வி அவரிடம் வரும். பதில் சொல்லியாக வேண்டும். அந்தப் பதில்களெல்லாம் ஒரே திசையில் இருந்தால் படத்துக்கு ஒரு குணம் வரும். ஆளுக்கொரு பக்கம் இழுத்தால் படம் கந்தலாகிவிடும்.

இதைப் புரிந்துகொள்ள அமெரிக்க இயக்குநர் சிட்னி லூமெட்டின் வாழ்க்கை வசதியானது. ஏழு வருடம் தொலைக்காட்சியில் நேரலை நாடகங்களை இயக்கிவிட்டு சினிமாவுக்கு வந்தவர் அவர். 50 வருடத்தில் 40-க்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தார். போதாததற்கு, தான் எப்படி வேலை செய்தேன் என்பதை 1995-இல் ஒரு புத்தகமாகவும் எழுதிவைத்தார். அதில் தத்துவம் குறைவு, செய்முறை அதிகம்.

லூமெட் பிறந்தது 1924-இல், ஃபிலடெல்ஃபியாவில். அப்பா பாருக் லூமெட் யூதர்கள் பேசும் இத்திஷ் மொழி மேடை நடிகர், அம்மா நடனக் கலைஞர். குடும்பம் நியூயார்க்குக்கு வந்தபிறகு, பையன் சின்ன வயதிலேயே மேடை ஏறிவிட்டான். 1935-இல் பிராட்வே நாடகம் ஒன்றில் நடித்தபோது வயது 11. இரண்டாம் உலகப் போரில் ராணுவத்தில் சேர்ந்து, ரேடார் பழுதுபார்ப்பவராக இந்தியாவிலும் பர்மாவிலும் இருந்தார். திரும்பி வந்து ஒரு நாடகக் குழு நடத்தினார். 1950-இல் சிபிஎஸ் தொலைக்காட்சியில் உதவி இயக்குநர் வேலை கிடைத்தது.

அவர் உதவியாளராகச் சேர்ந்தது யூல் பிரின்னரிடம். மொட்டைத் தலையோடு பின்னாளில் உலகப் புகழ் பெற்ற அதே நடிகர்தான். அப்போது அவர் தொலைக்காட்சியில் ஒரு திகில் தொடரை இயக்கிக்கொண்டிருந்தார். மேடை வாய்ப்பு வந்து பிரின்னர் நடிக்கப் போக, இயக்குநர் நாற்காலி லூமெட்டுக்கு வந்தது.

இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். நேரலை நாடகம் என்றால் என்னவென்று இன்றைக்குச் சொன்னால்தான் புரியும்.

1950-களின் தொடக்கத்தில் வீடியோ டேப் கிடையாது. ஆம்பெக்ஸ் நிறுவனத்தின் டேப் ரெக்கார்டர் வந்ததே 1956-இல்தான். அதனால் இரவு ஒன்பது மணிக்கு நாடகம் என்றால், ஒன்பது மணிக்கு நடிகர்கள் நியூயார்க் ஸ்டுடியோவில் நிஜமாகவே நடித்துக்கொண்டிருப்பார்கள். அது அப்படியே வீடுகளுக்குப் போகும். நியூயார்க்கில் ஒன்பது மணியாகும்போது லாஸ் ஏஞ்சலிஸில் ஆறு மணிதான். அங்கே உள்ளவர்களுக்குக் காட்டவும் பத்திரப்படுத்தவும் ஒரு வழி வைத்திருந்தார்கள். டிவி மானிட்டருக்கு எதிரே ஒரு ஃபிலிம் கேமராவை வைத்துத் திரையையே படம்பிடித்துவிடுவார்கள். அதற்குக் கினெஸ்கோப் என்று பேர். அந்தக் காலத்து நாடகங்களில் இன்று மிஞ்சியவை பெரும்பாலும் இந்த மங்கலான பிரதிகள்தான்.

ஸ்டுடியோவுக்குள் நடப்பதை கிரிக்கெட் ஒளிபரப்போடு ஒப்பிடலாம். மைதானத்துக்கு வெளியே நிற்கும் வேனில் ஒருவர் உட்கார்ந்துகொண்டு பல கேமராக்களின் படங்களைப் பார்த்து, பந்து போகும் பக்கத்துக்கு எது வேண்டுமோ அதை மாற்றிக்கொண்டே இருப்பார் இல்லையா, கிட்டத்தட்ட அதே வேலைதான். கட்டுப்பாட்டு அறையில் இயக்குநர். அவர் முன்னால் கேமராவுக்கு ஒன்றாக மானிட்டர்கள். அவர் ஹெட்செட்டில் சொல்லச் சொல்ல, பக்கத்தில் இருப்பவர் பொத்தானை அழுத்தி கேமராவை மாற்றுவார். ஒரே ஒரு வித்தியாசம், கிரிக்கெட்டில் அடுத்து என்ன நடக்கும் என்று யாருக்கும் தெரியாது. நாடகத்தில் அடுத்து என்ன நடக்க வேண்டும் என்பது இயக்குநருக்கு வரிக்கு வரி தெரிந்திருக்க வேண்டும்.

ஏன் என்றால் அன்றைய டிவி கேமராவின் முகத்தில் நான்கு லென்ஸ்கள் ஒரு சுழலும் தட்டில் பொருத்தப்பட்டிருக்கும். க்ளோஸப்புக்கு ஒன்று, முழு அறைக்கு ஒன்று என்று கேமராமேன் தட்டைத் திருப்பித் திருப்பி மாற்ற வேண்டும். தன் கேமராவின் படம் ஒளிபரப்பில் போய்க்கொண்டிருக்கும்போது திருப்பினால் வீட்டில் இருப்பவருக்குப் படம் கிறுகிறுவென்று சுற்றும். ஆக, இரண்டாம் கேமராவின் படம் போகிற சில நொடிகளில் முதல் கேமரா லென்ஸை மாற்றி, இடம் நகர்ந்து, ஃபோகஸ் செய்து தயாராகிவிட வேண்டும். அதற்குள் நடிகை செட்டுக்குப் பின்னால் ஓடி, உடை மாற்றி, அடுத்த செட்டில் ஒன்றுமே நடக்காதவர்போல் உட்கார்ந்திருக்க வேண்டும். வசனம் மறந்தால் மறந்ததுதான், ஒன்ஸ்மோர் கிடையாது.

இப்படிப்பட்ட வேலையில் "செட்டுக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம்" என்ற பேச்சே எடுபடாது. எல்லாம் ஒத்திகையிலேயே முடிவாகியிருக்க வேண்டும். லூமெட்டின் மொத்த சினிமாவுக்கும் வேர் இந்த ஒரு பழக்கம்தான் என்பது என் கட்சி.

அந்த வருடங்களில் அவர் இயக்கிய இன்னொரு தொடர் இன்றைக்கும் ஆச்சரியம் தரக்கூடியது. வரலாற்று நிகழ்ச்சிகளைச் செய்தி ஒளிபரப்புபோலக் காட்டுவார்கள். பிற்காலத்தில் அமெரிக்காவின் மிகப் பிரபலமான செய்தி வாசிப்பாளரான வால்டர் கிராங்கைட் ஸ்டுடியோவில் இருந்து தொகுத்து வழங்க, நிருபர்கள் சாக்ரடீஸின் கடைசி நாளுக்கோ, சேலம் ஊரின் சூனியக்காரி விசாரணைக்கோ போய்ப் பேட்டி எடுப்பார்கள். (இந்தச் சேலம் அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் இருப்பது.) சாக்ரடீஸ் பகுதியில் பிளேட்டோவாக வந்தவர் பால் நியூமன், அப்போது பேர் தெரியாத இளைஞர். கம்யூனிஸ்ட் என்று முத்திரை குத்தி எழுத்தாளர்களுக்கு வேலை மறுத்துக்கொண்டிருந்த காலம் அது. அப்படித் தடைப்பட்டியலில் இருந்த மூன்று எழுத்தாளர்கள் அடுத்தவர் பெயரில் இந்தத் தொடருக்கு எழுதினார்கள். சாக்ரடீஸையும் சூனியக்காரி விசாரணையையும் அவர்கள் சும்மா தேர்ந்தெடுக்கவில்லை என்பது சொல்லாமலே விளங்கும்.

சரி, சினிமாவுக்கு வருவோம்.

ரெஜினால்ட் ரோஸ் என்ற எழுத்தாளர் நியூயார்க்கில் ஒரு கொலை வழக்கில் ஜூரியாக, அதாவது வழக்கைக் கேட்டுத் தீர்ப்புச் சொல்லும் பொதுமக்களில் ஒருவராக, உட்கார்ந்திருக்கிறார். அந்த அனுபவத்திலிருந்து ஒரு டிவி நாடகம் எழுதினார். 1954-இல் சிபிஎஸ்ஸில் அது நேரலையாகப் போனது. அதை இயக்கியவர் லூமெட் இல்லை, ஃபிராங்க்ளின் ஷாஃப்னர். பிறகு நடிகர் ஹென்றி ஃபோண்டா அதைப் படமாக்க நினைத்து, ரோஸோடு சேர்ந்து தயாரிப்பில் இறங்கினார். இயக்குவதற்கு, ஒரு சினிமாகூட எடுத்திராத லூமெட்டைக் கூப்பிட்டார். 1957-இல் வெளிவந்த 'ட்வெல்வ் ஆங்ரி மென்' அதுதான். பாசு சாட்டர்ஜி இதை 1986-இல் இந்தியில் எடுத்ததைத் தூர்தர்ஷன் காலத்து ஆட்கள் பார்த்திருப்பார்கள்.

கதை எளிது. அப்பாவைக் கொன்றதாக ஒரு பையன்மேல் வழக்கு. குற்றவாளி என்று 12 ஜூரிகளும் ஒருமனதாகச் சொன்னால் அவனுக்கு மரண தண்டனை. 11 பேர் தயார். ஒருவர் மட்டும் கொஞ்சம் பேசிப் பார்ப்போம் என்கிறார். 96 நிமிடப் படத்தில் ஏறக்குறைய மூன்று நிமிடம் போக மீதி முழுவதும் ஒரே அறை. பாட்டு இல்லை, சண்டை இல்லை, வேர்த்து வழியும் 12 ஆண்கள் மட்டும்.

இதைக் கேட்டதும் தயாரிப்பாளர் யாருக்கும் தோன்றுவது, ஒரே அறை என்றால் பார்ப்பவருக்குச் சலிக்குமே, அவ்வப்போது வெளியே போய்க் காட்டலாமே என்பதுதான். லூமெட் தலைகீழாக யோசித்தார். அறை சின்னது என்பது குறையா? அது மேலும் சின்னதாகிக்கொண்டே போனால் என்ன?

அதற்கு அவர் போட்டதுதான் சினிமா மாணவர்கள் இன்றும் படிக்கிற லென்ஸ் திட்டம். கொஞ்சம் நிதானமாகப் பார்க்கலாம்.

லென்ஸில் வைடு, லாங் என்று இரண்டு பக்கம் உண்டு. வைடு லென்ஸ் அறையை விரித்துக் காட்டும், ஆளுக்கும் பின்சுவருக்கும் நடுவில் நிறைய இடம் இருப்பதுபோலத் தெரியும். லாங் லென்ஸ் போட்டுத் தள்ளி நின்று எடுத்தால் பின்னால் இருப்பவை ஆளோடு வந்து ஒட்டிக்கொள்ளும். கையில் இருக்கும் போனிலேயே இதைச் சோதிக்கலாம். ஒருவரைச் சுவருக்குப் பத்தடி முன்னால் நிறுத்தி, கிட்டப் போய் 0.5-இல் ஒரு படம் எடுங்கள். அப்புறம் 3 அல்லது 5-க்கு மாற்றி, ஆள் அதே அளவு தெரியும்வரை பின்னால் போய் இன்னொன்று எடுங்கள். இரண்டாவதில் சுவர் அவர் முதுகுக்கு வந்திருக்கும்.

லூமெட் படத்தின் தொடக்கத்தில் வைடு லென்ஸ்களைப் பயன்படுத்தி, போகப் போக நீளமான லென்ஸ்களுக்கு மாறினார். சுவர்கள் நகரவில்லை, ஆனால் நெருங்குகின்றன. அதோடு கேமராவின் உயரத்தையும் மாற்றினார். முதல் மூன்றில் ஒரு பங்கு கண் மட்டத்துக்கு மேலிருந்து, நடுப்பகுதி கண் மட்டத்தில், கடைசிப் பகுதி கண் மட்டத்துக்குக் கீழிருந்து. கேமரா கீழே இறங்கி நிமிர்ந்து பார்த்தால் என்ன தெரியும்? கூரை தெரியும். ஆக, கடைசியில் சுவரோடு கூரையும் சேர்ந்து அந்த ஆட்களை அழுத்துகிறது. படம் பார்க்கிற யாரும் "ஆஹா, லென்ஸ் மாறிவிட்டது" என்று சொல்லப்போவதில்லை, மூச்சு முட்டுகிறதே என்று மட்டும் தோன்றும். இறுதியில் எல்லாரும் நீதிமன்றத்திலிருந்து வெளியே வரும் ஷாட்டுக்கு, அதுவரை போடாத அளவு வைடு லென்ஸைப் போட்டு, கேமராவை நன்றாக உயரே ஏற்றிவிட்டார். நமக்கும் காற்று வருகிறது.

ஒளிப்பதிவாளர் போரிஸ் காஃப்மன், அதற்குச் சில வருடம் முன்புதான் ஆஸ்கர் வாங்கியவர். லென்ஸைப் பொருத்தி ஒளி அமைத்தது அவர் கை. எந்த இடத்தில் எந்த லென்ஸ், கதையின் எந்தத் திருப்பத்துக்கு எந்த உயரம் என்று முன்கூட்டியே வரைந்துவைத்தது இயக்குநர். முதலில் கேட்ட சந்தேகத்துக்கு இதைவிடத் துல்லியமான பதில் எனக்குத் தெரியவில்லை.

எடுத்த விதம் இன்னும் சுவாரசியம். பணம் குறைவு, சுமார் 3,40,000 டாலர்தான். அன்றைய ஹாலிவுட்டுக்கு அது சில்லறை. படப்பிடிப்பில் நேரத்தைத் தின்பது லைட்டிங். ஒரு பக்கம் பார்த்து எடுத்துவிட்டு மறுபக்கம் கேமராவைத் திருப்பினால் விளக்குகளையெல்லாம் மாற்றி வைக்க மணிக்கணக்காகும். அதனால் லூமெட் ஒரு பக்க நாற்காலிகளை நோக்கிய எல்லா ஷாட்டையும், அது படத்தின் எந்த இடத்தில் வந்தாலும் சரி, மொத்தமாக எடுத்துவிட்டுத்தான் அடுத்த பக்கம் திரும்பினார். இப்படி அறையை மூன்று சுற்று வந்தார்கள். பகல் வெளிச்சத்துக்கு ஒரு சுற்று, மழை மேகம் சூழ்ந்த வெளிச்சத்துக்கு ஒரு சுற்று, அறை விளக்குகளைப் போட்டபிறகு ஒரு சுற்று.

இதன் விளைவைப் பாருங்கள். ஜூரிகளில் ஒருவராக நடித்த லீ ஜே. காப் ஆத்திரத்தோடு கத்துவதை ஒரு நாள் எடுத்தால், அதற்கு ஃபோண்டா பதில் சொல்வதை ஒரு வாரம் கழித்து எடுப்பார்கள். ஒரே சண்டையின் இரண்டு பாதி. கத்தலின் சூடு எத்தனை டிகிரியில் இருந்தது என்று இயக்குநருக்கு அட்சரம் பிசகாமல் நினைவிருக்க வேண்டும், இல்லாவிட்டால் எடிட்டிங் மேசையில் இரண்டும் ஒட்டாது. இதைத் தாங்கியது படப்பிடிப்புக்கு முன்பு நடந்த இரண்டு வார ஒத்திகை. முழுப் படத்தையும் நாடகம்போல ஓட்டிப் பார்த்திருந்தார்கள். தொலைக்காட்சிப் பழக்கம் காப்பாற்றிய இடம் இது.

படம் வெளியானபோது கூட்டம் ஒன்றும் அலைமோதவில்லை. பெர்லின் திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கக் கரடி கிடைத்தது. ஆஸ்கரில் மூன்று பிரிவுகளில் போட்டியிட்டு, மூன்றிலுமே அந்த வருடத்துப் பிரம்மாண்டமான போர்ப்படம் ஒன்றிடம் தோற்றது.

அதற்குப் பிறகும் ஒத்திகை முறையை அவர் விடவில்லை. ஒவ்வொரு படத்துக்கும் முன்னால் குறைந்தது இரண்டு வாரம். நியூயார்க்கின் கீழ்க்கிழக்குப் பகுதியில் உக்ரைனியர்களின் சமூகக் கூடம் ஒன்று இருந்தது. அதை வாடகைக்கு எடுத்து, செட்டின் அளவுக்குத் தரையில் கலர் டேப் ஒட்டி, இது கதவு, இது கட்டில் என்று குறித்து நடிகர்களை நடக்கவிடுவார். படப்பிடிப்பு வேகமாக முடியும், டேக்குகள் குறைவு. ஹாலிவுட் சோம்பேறிகளுக்கு அவரைப் பிடிக்காமல் போனதில் வியப்பில்லை. அவரும் ஹாலிவுட்டில் குடியேறவில்லை, பெரும்பாலான படங்களை நியூயார்க்கிலேயே எடுத்தார்.

இப்படித் திட்டம் போட்டே எடுத்தால் உயிர் போய்விடாதா என்று கேட்கலாம். நியாயமான சந்தேகம். 1975-இல் வந்த 'டாக் டே ஆஃப்டர்நூன்' படத்தில் ஒரு காட்சி பதில் சொல்லும். 1972-இல் புரூக்ளினில் நிஜமாக நடந்த வங்கிக் கொள்ளைதான் கதை. போலீஸ் சுற்றி வளைத்துவிட, கொள்ளைக்காரனாக நடிக்கும் அல் பசினோ வங்கிக்குள்ளிருந்து தன் காதலனோடும் பிறகு மனைவியோடும் போனில் பேசுகிறார். இரண்டு பேச்சும் சேர்ந்தால் பத்து நிமிடத்துக்கு மேல். நடுவில் வெட்டினால் நடிகர் கட்டிய உணர்ச்சி இறங்கிவிடும். ஆனால் கேமராவில் ஏற்றும் ஆயிரம் அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். என்ன செய்வது?

இரண்டு கேமராக்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். ஒன்றில் சுருள் முடியும் தறுவாயில் அடுத்தது ஓட ஆரம்பிக்கும். பசினோ நிறுத்தாமல் பேசி முடித்தார். யூனிட்டே அசந்துபோனது. முடிந்த கையோடு, ஆசுவாசப்படக்கூட நேரம் கொடுக்காமல், மறுபடி முதலிலிருந்து எடுக்கலாம் என்றார் லூமெட். நாள் முழுக்க முற்றுகையில் கிடந்த மனிதனின் களைப்பு நடிகருக்கு நிஜமாகவே வந்துவிட்டிருந்தது. இரண்டாவது டேக்தான் படத்தில் இருக்கிறது. கேமராக்களை அடுக்கியது திட்டம். உடனே இன்னொன்று கேட்டது அந்த நொடியில் எடுத்த முடிவு. திட்டம் கெட்டியாக இருந்ததால்தான் அந்தத் துணிச்சல் சாத்தியமானது என்று நான் நினைக்கிறேன்.

அடுத்த வருடமே 'நெட்வொர்க்'. தொலைக்காட்சி நிறுவனம் ஒன்று பார்வையாளர் எண்ணிக்கைக்காக எந்த எல்லைக்குப் போகும் என்பது கதை. எழுதிய பேடி சாயெஃப்ஸ்கியும் நேரலை நாடகக் காலத்து ஆள்தான். இரண்டு பேரும் சொந்த வீட்டைப் பற்றியே படம் எடுத்த மாதிரி. இங்கேயும் ஒரு ஒளித் திட்டம் உண்டு. தொடக்கக் காட்சிகளில் ஒளி இயல்பாக, கிட்டத்தட்ட ஏனோதானோ என்று இருக்கும். போகப் போக ஃபிரேம்கள் இறுகி, கடைசியில் விளம்பரப் படம்போல எல்லாம் பளபளக்கும். கதையில் வரும் மனிதர்களைப் போலவே கேமராவும் கெட்டுப்போகிறது. நான்கு ஆஸ்கர் கிடைத்தது. அதில் மூன்று நடிப்புக்கு, ஒன்று சாயெஃப்ஸ்கியின் எழுத்துக்கு. பியட்ரிஸ் ஸ்ட்ரெய்ட் திரையில் சுமார் ஐந்து நிமிடமே வந்து விருதைத் தட்டிச் சென்றார். இயக்குநருக்கு இல்லை. நான்கு முறை பரிந்துரைக்கப்பட்டும் இயக்குநர் ஆஸ்கர் அவர் கைக்கு வரவே இல்லை. 2005-இல் வாழ்நாள் பங்களிப்புக்காகக் கௌரவ விருது கொடுத்துக் கணக்கை முடித்தார்கள்.

தோல்விகளும் நிறைய. 1978-இல் எடுத்த பிரம்மாண்டமான இசைப்படம் 'தி விஸ்' படுத்துவிட்டது. "இவருக்கென்று ஒரு பாணி கிடையாது" என்ற குறையும் விமர்சகர்களிடம் உண்டு. ஒரு காட்சியைப் பார்த்து, இது லூமெட் என்று சொல்ல முடியாது என்பது வாஸ்தவம்தான். நடை கண்ணில் படாமல் இருக்க வேண்டும் என்பதே அவர் கொள்கை. கூரை தெரிவதை நாம் கவனிக்காமல் விட்டோமே, அதைத்தான் அவர் விரும்பினார். இதைக் குறை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

நம் கே. பாலசந்தர் மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்து, வயதான காலத்தில் சின்னத்திரைக்குப் போனவர். லூமெட்டும் கடைசியில் சின்னத்திரைக்குத் திரும்பினார். 2001-இல், 76 வயதில், நியூயார்க் குற்றவியல் நீதிமன்றத்தை வைத்து '100 சென்டர் ஸ்ட்ரீட்' என்ற தொடரை உருவாக்கினார். ஃபிலிம் இல்லை, டிஜிட்டல், ஒரே நேரத்தில் பல கேமராக்கள். 1950-இல் கற்ற வேலையேதான், இந்த முறை டேப்பில் பதிவும் ஆனது. பழக்கம் பிடித்துப்போய் 2007-இல் தன் கடைசிப் படத்தையும் டிஜிட்டலில் எடுத்தார். 83 வயது. முன்னும் பின்னுமாக வெட்டி வெட்டிச் சொல்லும் அந்தக் கொள்ளைக் கதையை ஓர் இளைஞர் எடுத்தார் என்றால் நம்பியிருப்போம். 2011 ஏப்ரலில் காலமானார்.

எங்கிருந்து ஆரம்பிக்கலாம் என்று கேட்டால், 12 ஜூரிகளின் படத்தை முதல் தடவை கதைக்காகப் பாருங்கள். இரண்டாம் தடவை சத்தத்தை அணைத்துவிட்டு, கூரை எந்த இடத்தில் முதலில் எட்டிப் பார்க்கிறது என்று தேடுங்கள். அது முடிந்ததும் வங்கிக் கொள்ளைப் படம், பிறகு 'நெட்வொர்க்'. நான்காவதாக, 1982-இல் வந்த 'தி வெர்டிக்ட்'. அதில் குடித்து ஓய்ந்துபோன வக்கீலாக வருபவர், பழைய பிளேட்டோ பால் நியூமன்.